பொற்கிழியும் விதிநூலும்: திரைப்பட விருது விழாக்களில் மொழி பெற்ற இடம்

பரிசளிப்பு என்றவுடன் தமிழர் நினைவில் முதலில் எழுவது தருமிக்குக் கிடைக்கவிருந்த பொற்கிழிதான். பாண்டியன் அவையில் பாட்டு படிக்கப்பட்டது. நக்கீரர் எழுந்து குற்றம் உண்டு என்றார். சொல்லில் குற்றமா, பொருளில் குற்றமா என்று வழக்கு நீண்டது. புராணத்தில் படித்தவரைவிட 1965ஆம் ஆண்டு வெளிவந்த ‘திருவிளையாடல்’ படத்தில் நாகேஷின் நடிப்பைக் கண்டு இக்கதையை அறிந்தவரே மிகுதி. அந்த அவையில் கேட்கப்படாத கேள்வி ஒன்று உண்டு. தருமி எந்த ஊரினன், அவன் வீட்டில் பேசும் மொழி எது, இப்போட்டியில் நிற்க அவனுக்குத் தகுதி உண்டா என்று எவரும் வினவவில்லை. பாட்டு அவைக்கு வந்துவிட்டது; இனி அதன் குணமும் குற்றமுமே பேச்சு.

இக்காலத் திரைப்பட விருது விழாக்களின் நடைமுறை வேறு. நடுவர் குழு படத்தைப் பார்ப்பதற்கு முன்பே, அந்தப் படம் எந்த வரிசையில் நிற்கலாம் என்பதை விதிநூல் முடிவு செய்துவிடுகிறது. விருது பெற்றோர் பட்டியலை நாம் பொது அறிவுக்காக மனப்பாடம் செய்கிறோம், மாணவர்க்கும் செய்விக்கிறோம். அப்பட்டியலோடு சேர்த்து அந்தந்த ஆண்டின் விதியையும் படித்தால்தான் வரலாறு விளங்கும். பல விதிகள் உண்டு: படத்தின் நீளம், திரையிட்ட நாள், தயாரித்த நாடு என. அவற்றுள் மொழி பற்றிய விதியை மட்டும் இவ்வுரை எடுத்துக்கொள்கிறது. 2016ஆம் ஆண்டு நம் நாட்டில் அவ்விதியே ஒரு தமிழ்ப்படத்தின் தலையெழுத்தைத் தீர்மானிக்க இருந்தது. அந்தப் படம் நிபோங் திபால் போன்ற ஊர்களின் வாழ்க்கைக்கு மிக அண்மையில் நிற்பது என்பதால், அதனை இங்கே பேசுவது பொருத்தம் என்று கருதுகிறோம்.

தொடக்கத்திலிருந்து வருவோம்.

1929ஆம் ஆண்டு மே 16ஆம் நாள், ஹாலிவுட்டிலுள்ள ரூஸ்வெல்ட் விடுதியில் ஓர் இரவு விருந்து நடந்தது. பின்னாளில் ஆஸ்கார் என்று உலகமெங்கும் பெயர் பெற்ற விருதின் முதல் விழா அதுவே. பரிசு வழங்கிய நேரம் ஏறத்தாழக் கால்மணி நேரந்தான். யாருக்கு விருது என்பது மூன்று மாதங்களுக்கு முன்பே அறிவிக்கப்பட்டுவிட்டதால், இன்று நாம் காணும் உறை பிரிக்கும் பரபரப்பு அன்று இல்லை. சிறந்த நடிகர் விருது எமில் ஜானிங்ஸ் என்னும் ஜெர்மானியருக்குக் கிடைத்தது. அவர் ஆங்கிலத்தைத் தம் தாய்மொழியின் சாயலோடு பேசியவர். பேசாப் படக் காலத்தில் அது யாருக்கும் தடையாகத் தெரியவில்லை. திரைக்கு வாய் இல்லாத வரையில் நடிகனின் நாவைப் பற்றி யாரும் கேட்கவில்லை. பேசும்படம் பரவத் தொடங்கியதும் ஹாலிவுட்டில் அவருக்கு வேலை அற்றுப்போயிற்று. அவர் ஜெர்மனிக்கே திரும்பினார். முதல் ஆஸ்கார் நடிகரை அந்த ஊரிலிருந்து பெயரச் செய்தவற்றுள் மொழிக்குப் பெரும்பங்கு உண்டு.

அதே இரவில் இன்னொன்றும் நடந்தது. உரையாடலும் பாட்டும் ஒலித்த ‘தி ஜாஸ் சிங்கர்’ படத்தைப் பேசாப் படங்களோடு தலைசிறந்த படத்துக்கான போட்டியில் நிறுத்துவது நேர்மையாகாது என்று கருதினர். ஆகவே அதைத் தயாரித்த வார்னர் நிறுவனத்துக்குச் சிறப்பு விருது ஒன்றைத் தனியே தந்தனர். ‘உனக்கும் ஒரு பரிசு உண்டு, ஆனால் இந்த வரிசையில் நீ நிற்க வேண்டா’ என்று சொல்லும் பழக்கம் முதல் விழாவிலேயே தொடங்கிவிட்டது. அன்று முதற்பரிசும் இரண்டாக இருந்தது. ‘விங்ஸ்’ சிறந்த படமாகவும், ‘சன்ரைஸ்’ கலைச்சிறப்பில் தனித்து விளங்கும் படமாகவும் மதிக்கப்பெற்றன. அடுத்த ஆண்டே இரண்டாம் பரிசு கைவிடப்பட்டது. இன்று முதல் ஆஸ்கார் எந்தப் படத்துக்கு என்று கேட்டால் ‘விங்ஸ்’ என்றே விடை வருகிறது. இரண்டு முதற்பரிசுகள் வைத்தால் வரலாறு ஒன்றைத்தான் நினைவில் கொள்ளும் போலும். இந்தச் செய்தி பின்னர் நமக்குப் பயன்படும்.

ஆங்கிலம் அல்லாத பிறமொழிப் படங்களை என்செய்வது என்ற கேள்வி அடுத்துப் பிறந்தது. இரண்டாம் உலகப் போர் முடிந்தபின், 1948ஆம் ஆண்டு விழாவில் ‘ஷூஷைன்’ என்னும் இத்தாலியப் படத்துக்குச் சிறப்பு விருது அளித்தனர். 1956ஆம் ஆண்டுப் படங்களிலிருந்து பிறமொழிப் படங்களுக்கென்று தனிப் போட்டி ஏற்பட்டது. அதில் முதலில் வென்றது ஃபெலினியின் ‘லா ஸ்திராதா’. பிறமொழிப் படம் முதன்மைப் பரிசுக்குப் போட்டியிடக் கூடாது என்று ஆஸ்கார் விதி தடுத்ததில்லை. ஆயினும் தனி அறை ஒன்று கட்டியாகிவிட்டதால், வந்தவர் அனைவரும் அந்த அறைக்கே அனுப்பப்பட்டனர் எனலாம். கொரிய மொழிப் படமான ‘பாரசைட்’ 2020ஆம் ஆண்டு பிப்ரவரி 9ஆம் நாள் சிறந்த படத்துக்கான விருதைப் பெற்றபோது, ஆங்கிலம் அல்லாத மொழியில் எடுக்கப்பெற்ற படம் ஒன்று அவ்விருதைப் பெறுவது அதுவே முதன்முறை. முதல் விழாவிலிருந்து எண்ணினால் 91 ஆண்டுகள்.

முதல் ஆஸ்கார் விழாவுக்கு ஏறத்தாழ இரண்டு மாதங்கள் முன்னர், 1929 மார்ச் 22 அன்று, பினாங்கில் ஒரு குழந்தை பிறந்தது. அக்குழந்தையே பின்னாளில் பி. ரம்லி. மலாய்த் திரையுலகம் இன்றும் தலைமேல் வைத்துப் போற்றும் அந்தக் கலைஞர், நாடு விடுதலை பெற்ற அதே 1957ஆம் ஆண்டில் தோக்கியோவில் நடந்த ஆசியத் திரைப்பட விழாவில் ‘அனாக்கு சசாலி’ படத்துக்காகச் சிறந்த நடிகர் விருது பெற்றார். தந்தையாகவும் மகனாகவும் இரட்டை வேடம் ஏற்ற படம் அது. அதனை இயக்கியவர் பணி மஜும்தார் என்னும் வங்காளி. ‘ஹாங் துவா’ படத்தை இயக்கியவரும் அவரே. மலாய் மொழியின் முதல் திரைப்படமாகக் கருதப்பெறும் ‘லைலா மஜ்னுன்’ 1933ஆம் ஆண்டு பி. எஸ். ராஜ்ஹன்ஸ் என்னும் இந்தியரால் இயக்கப்பெற்றது. ரம்லி முதன்முதலில் திரையில் தோன்றிய ‘சிந்தா’வும் அவர் இயக்கியதே. ரம்லி கதைத் தலைவனாக முதலில் நடித்த ‘பக்தி’ படத்தை 1950இல் இயக்கியவர் எல். கிருஷ்ணன். சிங்கப்பூரிலிருந்த படப்பிடிப்பு நிலையங்களின் முதலாளிகள் சீனர். இயக்குநர் பலர் இந்தியர். நடிகரும் பாடகரும் மலாய்க்காரர். அந்தப் படங்களை யாருடைய படம் என்று கேட்டுப் பிரிக்க முனைந்தால் எதுவும் மிஞ்சாது.

ஆசியத் திரைப்பட விழா 1954ஆம் ஆண்டு தோக்கியோவில் தொடங்கியது. ஜப்பானியம், சீனம், மலாய் எனப் பல மொழிப் படங்களும் அங்கே ஒரே அரங்கில் போட்டியிட்டன. 1959ஆம் ஆண்டு அவ்விழா கோலாலம்பூருக்கே வந்தபோது, ரம்லியின் ‘பெண்டேக்கார் பூஜாங் லப்போக்’ சிறந்த நகைச்சுவைப் படமாயிற்று. வெளிநாட்டு விழாவில் ஒரு மொழி மற்ற மொழிகளோடு எளிதாகத் தோள் உரசி நிற்கிறது. வீட்டுக்குள் நடக்கும் விழாவில்தான் சிக்கல் எழுகிறது.

பல மொழிகள் வழங்கும் ஒரு நாடு இச்சிக்கலை எப்படி எதிர்கொள்ளலாம் என்பதற்கு இந்தியா ஒரு வழி காட்டியது. அங்கே 1954ஆம் ஆண்டு இரண்டு விருதுகள் தோன்றின. பம்பாயில் அவ்வாண்டு மார்ச்சு மாதம் வழங்கப்பெற்ற ஃபிலிம்ஃபேர் விருது முதலில் இந்திப் படங்களையே கருத்திற்கொண்டது. தென்னக மொழிகள் பின்னரே அதில் இடம்பெற்றன. அரசின் தேசிய விருதோ முதலாண்டிலேயே குடியரசுத் தலைவர் தங்கப் பதக்கத்தை ‘சியாம்சி ஆயி’ என்னும் மராத்திப் படத்துக்கு வழங்கியது. இந்திப் படம் அன்று. ஒரு மாநில மொழிப் படம். அடுத்த ஆண்டு முதல் ஒவ்வொரு மொழிக்கும் தனிப் பதக்கங்களும் வந்தன. தமிழுக்கான வெள்ளிப் பதக்கத்தை நாமக்கல் கவிஞர் கதையில், கலைஞர் மு. கருணாநிதி உரையாடலில், எம்.ஜி.ஆர். நடிப்பில் உருவான ‘மலைக்கள்ளன்’ பெற்றது. மேலே எல்லா மொழிகளுக்கும் பொதுவான ஒரு மேடை. கீழே ஒவ்வொரு மொழிக்கும் ஒரு திண்ணை. திண்ணையில் அமர்ந்தவர் மேடை ஏறத் தடை இல்லை.

தடை இல்லை என்பதும் ஏறுவது எளிது என்பதும் வேறு வேறு. தமிழ்ப்படம் ஒன்று அந்த மேடையில் முதலிடம் பெற 38ஆம் விருது விழா வரை காத்திருக்க நேர்ந்தது. இந்திரா பார்த்தசாரதியின் ‘உச்சிவெயில்’ குறுநாவலைத் தழுவிய ‘மறுபக்கம்’ அப்பெருமையைப் பெற்றது. அதன்பின் 2007ஆம் ஆண்டுக்கான விருதை நெசவாளர் வாழ்வைச் சொன்ன ‘காஞ்சிவரம்’ பெற்றது. 2020ஆம் ஆண்டுக்கானதை ‘சூரரைப் போற்று’ பெற்றது. முதல் இரண்டு படங்களையும் இயக்கிய சேதுமாதவனும் பிரியதர்ஷனும் மலையாளிகள் என்பதை நம் மாணவர்கள் கவனிக்க வேண்டும். ரம்லிக்கு வங்காளி ஒருவர் தோக்கியோ விருது பெறும் படத்தைத் தந்தது போலவே, தமிழுக்குத் தங்கத்தாமரை கொணர்ந்தோரும் அயல்மொழியாளர். திரைப்படத்தின் மொழியும் அதை ஆக்கியோரின் மொழியும் ஒன்றாக இருக்க வேண்டும் என்று எதிர்பார்ப்பவர்க்கு இவ்வரலாறு சற்றுத் தொல்லை தரும்.

இனி நம் நாட்டுக்கு வருவோம். மலேசியத் திரைப்பட விழா 1980ஆம் ஆண்டு, திரைப்படத் தயாரிப்பாளர் சங்கத்தின் முயற்சியால் தொடங்கிற்று. ஃபினாஸ் எனப்படும் தேசியத் திரைப்பட மேம்பாட்டுக் கழகம் அடுத்த ஆண்டே சட்டத்தின் வழி நிறுவப்பெற்றது. ஆண்டு விழா என்று பெயரே தவிர, ஆண்டு தவறாமல் அது நடந்ததில்லை. 2016 வரையிலான 37 ஆண்டுகளில் 28 விழாக்களே நடந்தன. தொடக்கக் காலத்தில் உள்நாட்டுப் படம் என்றாலே மலாய்ப் படந்தான் என்ற நிலை இருந்தமையால், மொழி பற்றிய கேள்வி விழா மேடையில் பெரிதாக எழ வாய்ப்பில்லை. உள்நாட்டுத் தமிழ்ப்படங்களும் சீனப் படங்களும் அத்தி பூத்தாற்போல வந்தன. தமிழர்க்குத் தமிழ்நாட்டுப் படங்கள் இருந்தன. தோட்டத்துத் திடலில் வெள்ளைத் துணி கட்டி, பால்மரத்து லயங்களிலிருந்து பாயும் சாக்கும் எடுத்துவந்து குடும்பத்தோடு அமர்ந்து பார்த்த தலைமுறைக்குப் படம் என்பது கடல் கடந்து வருவது. நம் லயத்தைப் பற்றியும் ஒரு படம் வரலாம் என்ற எண்ணமே அப்போது பலருக்குத் தோன்றியிராது.

புதிய நூற்றாண்டில் நிலை மாறியது. எண்மக் கருவிகள் வந்தபின் சிறு முதலில் படம் எடுக்க முடிந்தது. தீபக் குமாரன் மேனன் ரப்பர்த் தோட்ட வாழ்க்கையை வைத்து 2005இல் ‘செம்மண் சாலை’யைத் தந்தார்; அது வெளிநாட்டுத் திரைவிழாக்களுக்கும் சென்றது. அதே ஆண்டு யாஸ்மின் அஹ்மாட் இயக்கிய ‘செப்பெட்’ மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த படமாயிற்று. ஈப்போவில் மலாய்ப் பெண்ணும் சீன இளைஞனும் காதலிக்கும் கதை. மலாயும் கண்டனீசும் ஆங்கிலமும் ஒரே உரையாடலில் கலந்து வரும். அடுத்த ஆண்டு அவருடைய ‘குப்ரா’வும் அவ்விருதைப் பெற்றது. இப்படி மொழி கலந்து பேசும் படத்தை எந்தப் பிரிவில் வைப்பது என்ற கேள்வி அப்போதே கதவைத் தட்டிவிட்டது.

இடையே ஒரு செய்தி. அஃப்டலின் ஷௌக்கி இயக்கிய ‘பாப்படோம்’ 2009ஆம் ஆண்டு அவ்விழாவில் சிறந்த படமாகத் தேர்வு பெற்றது. அதே கதையை அவரே 2011இல் ‘அப்பளம்’ என்று தமிழில் எடுத்தார். கதை அதே; இயக்குநரும் அவரே; தலைப்பின் பொருள்கூட ஒன்றே. ஐந்தாண்டு கழித்து வந்த விதியின்படி இவ்விரு படங்களையும் நிறுத்திப் பார்த்தால், முன்னது முதன்மைப் போட்டியிலும் பின்னது வேறொரு பிரிவிலும் நின்றிருக்கும். வேறுபாடு நடிகர் வாயில் மட்டுமே.

அந்த விதிக்கு வருகிறோம். 2016ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதத்தில் 28ஆம் விழாவுக்கான முன்மொழிவுகள் வெளியாயின. சிறந்த படம், சிறந்த இயக்குநர், சிறந்த திரைக்கதை ஆகிய முதன்மைப் பிரிவுகள் மலாய்மொழிப் படங்களுக்கு ஒன்றும் மலாய்மொழி அல்லாதவற்றுக்கு ஒன்றுமாக இரண்டாக்கப்பட்டிருந்தன. உரையாடலில் நூற்றுக்கு 70 பங்கு மலாயில் இருந்தால் ஒரு வரிசை. குறைந்தால் மறு வரிசை. அவ்வாண்டில் பெரிதும் பேசப்பட்ட இரண்டு படங்கள் மறு வரிசையில் போய் நின்றன. ஒன்று சியூ கெங் குவான் இயக்கிய ‘ஓலா போலா’. மலாய்க்காரர், சீனர், இந்தியர் மூவரும் ஒரே சீருடை அணிந்து நாட்டுக்காகப் பந்தாடிய கதை. அதில் இலக்குக் காவலன் முத்து ஒரு தமிழன். அணியில் யார் யாரிடம் எந்த மொழியில் பேசுவரோ அந்த மொழியிலேயே பேசினர். நாட்டு ஒற்றுமையை ஊட்டும் படம் என்று பாராட்டப்பெற்ற ஒன்றை, ஒற்றுமையாகப் பேசிய குற்றத்துக்காகப் பிரித்து வைத்ததுபோல் ஆயிற்று.

மற்றொன்று சஞ்சய் குமார் பெருமாள் இயக்கி 2015 டிசம்பரில் வெளிவந்த ‘ஜகாட்’. இப்படத்தைச் சற்று நின்று பார்ப்போம்.

கதை நிகழ்வது 1990களின் தொடக்கத்தில். தோட்டம் துண்டாடப்பட்டு, லயத்தை விட்டு வெளியேறி, பட்டணத்தின் ஓரத்துப் புறம்போக்கு நிலத்தில் வீடு போட்டுக்கொண்ட மக்களின் பிள்ளை அப்போய். கற்பனை மிக்க சிறுவன்; பள்ளியின் கட்டுக்கு அடங்காதவன். படித்து முன்னேற வேண்டும் என்று அடித்தும் திட்டியும் வளர்க்கும் தந்தை மணியம் ஒருபுறம். குண்டர் கும்பலோடு திரியும் சிற்றப்பன் மெக்சிகோ மறுபுறம். அந்தப் பக்கத்திலிருந்து இந்தப் பக்கத்துக்குச் சிறுவன் சாயும் கதை. நம் வட்டாரத்துக்கு இக்கதை புதிதன்று. கிரியான் ஆற்றின் இக்கரையில் 19ஆம் நூற்றாண்டில் கரும்பு வெட்ட வந்த தமிழர், பின் பால்மரம் சீவினர். பின் செம்பனைக் குலை தள்ளினர். பயிர் மாறும்போதும் நிலம் கைமாறும்போதும் முதலில் அசைக்கப்பட்டது லயமே. ‘ஜகாட்’ காட்டும் வீடுகளில் வளர்ந்த மாணவர்க்கு இங்குள்ள ஆசிரியர் பலர் பாடம் நடத்தியிருக்கின்றனர்.

படத்தின் தலைப்பு, மொழி மன்றம் ஒன்றில் தனியே பேசத் தக்கது. தமிழ் அகராதியைப் புரட்டினால் ‘ஜகத்’ என்ற வடசொல் கிடைக்கும். உலகம் என்று பொருள். இத்தலைப்பு அதுவன்று. தீய, கெட்ட என்று பொருள்படும் ‘ஜஹாட்’ என்ற மலாய்ச் சொல்லைத் தோட்டத் தமிழன் தன் நாவுக்கு ஏற்பத் திருத்தி வழங்கிய வடிவமே ‘ஜகாட்’. அடங்காத பிள்ளையை இச்சொல்லால் திட்டாத தாய் நம்மிடையே அரியர். சொல் மலாய், ஒலி தமிழ், பொருள் இரண்டுக்கும் இடைப்பட்டது. நூறாண்டுக்கு மேல் இரு மொழியும் அண்டை வீட்டில் வாழ்ந்ததற்கு இதைவிட எளிய சான்று தேட வேண்டியதில்லை. மலாயிலிருந்து பெற்ற சொல்லையே பெயராகத் தாங்கிய படம் ‘மலாய் அல்லாதது’ என்ற பலகையின்கீழ் நிறுத்தப்பட்டது.

எதிர்ப்பு எழுந்தது. அதில் முதல் வரிசையில் நின்றவர்கள் மலாய்க் கலைஞர்கள் என்பதைப் பதிவு செய்வது நம் கடமை. ‘அப்பளம்’ எடுத்த அஃப்டலின் ஷௌக்கி விழாவைப் புறக்கணிப்பதாக அறிவித்தார். மூத்த ஒளிப்பதிவாளர் முகமட் நோர் காசிம் வெளிப்படையாகக் கண்டித்தார். ஆதரவளிக்க இருந்த பெரிய வங்கி ஒன்றும் விலகிக்கொண்டது. செய்தித்தாள்களில் இது மொழிச் சண்டையாகத் தோன்றினாலும், உள்ளே நடந்தது வேறு: ஒரே படப்பிடிப்பில் தோளோடு தோள் நின்று வேலை செய்பவர்கள், தம் நண்பரின் படம் வேறு வாசல் வழியே வரவேண்டும் என்பதை ஏற்க மறுத்தனர்.

மறுதரப்பின் வாதத்தையும் நாம் நேர்மையாகச் சொல்ல வேண்டும். கூட்டரசு அரசியலமைப்பின் 152ஆம் பிரிவு மலாயைத் தேசிய மொழியாக வகுத்துள்ளது. நாட்டின் பெயரால் நடக்கும் விழா, நாட்டு மொழியில் படம் எடுப்பாரை ஊக்குவிக்க வேண்டும் என்பதில் தவறு காண இயலாது. சிறு சந்தையில் இயங்கும் மலாய்த் திரைக்கு அந்த ஊக்கம் வேண்டியதே. ஆனால் அதே 152ஆம் பிரிவு, பிற மொழிகளைப் பயன்படுத்துவதற்கும் கற்பிப்பதற்கும் தடை இல்லை என்றும் சொல்கிறது. தேசிய மொழிக்கு ஒரு பரிசு வைப்பது முதற்பாதியை மதிப்பது. நாட்டின் தலைசிறந்த படம் எது என்ற கேள்விக்கே மொழி வேலி போடுவது, இரண்டாம் பாதியை மறப்பது. நம் கணிப்பில் அன்று நேர்ந்த பிழை இங்கேதான்.

சில நாளில் தொடர்பு, பல்லூடக அமைச்சர் சாலே சைட் கெருவாக் மொழிப் பிரிவினையை நீக்குவதாக அறிவித்தார். எல்லா மொழிகளுக்கும் பொதுவாகச் ‘சிறந்த மலேசியத் திரைப்படம்’ என்ற விருதும், தேசிய மொழிப் படத்துக்கென ஒரு விருதும் ஏற்பட்டன. இந்தியா 1954இல் கண்ட மேடையும் திண்ணையும் ஏறத்தாழ இந்த வடிவமே. செப்டம்பரில் விழா நடந்தது. தேசிய மொழிப் படத்துக்கான விருதைச் சம்சுல் யூசோப்பின் ‘முனாஃபிக்’ பெற்றது. சிறந்த மலேசியத் திரைப்படமாக ‘ஜகாட்’ அறிவிக்கப்பட்டது. அதன் இயக்குநர் நம்பிக்கைக்குரிய புதிய இயக்குநர் விருதையும் பெற்றார். தமிழ்ப்படம் ஒன்று நாட்டின் சிறந்த படமானது அதுவே முதன்முறை.

இங்கே வரலாற்று மாணவர் சற்று நிதானிக்க வேண்டும். ‘ஜகாட்’ படத்தின் ஒரு காட்சிகூட ஆகஸ்டுக்கும் செப்டம்பருக்கும் இடையே மாறவில்லை. நடிப்போ இசையோ ஒளிப்பதிவோ மேம்படவில்லை. மாறியது விதி ஒன்றே. ஆகஸ்டு விதி நிலைத்திருந்தால், அது ‘மலாய்மொழி அல்லாத சிறந்த படம்’ என்று பெயர் பெற்றிருக்கலாம். நாம் அதையும் கொண்டாடியிருப்போம். கொண்டாடிக்கொண்டே, நாம் எந்தக் கேள்விக்கு விடையாகியிருக்க முடியும் என்பதை மறந்தும் போயிருப்போம். தனிப்பரிசில் உள்ள ஆபத்து அதுதான், அது வலிக்காது.

இரண்டு முதற்பரிசுகள் வைத்தால் வரலாறு ஒன்றையே நினைவில் கொள்ளும் என்று ‘விங்ஸ்’, ‘சன்ரைஸ்’ பற்றிச் சொன்னோம். இங்கே எதை நினைவில் கொள்ளும் என்று இப்போது கூற இயலாது. தமிழர் ‘ஜகாட்’ என்பர்; திரையரங்கை நிரப்பிய மக்கள் ‘முனாஃபிக்’ என்பர்.

இத்தகைய சிக்கல் நமக்கு மட்டும் உரியது என்று எண்ண வேண்டா. 2021ஆம் ஆண்டு அமெரிக்காவின் கோல்டன் குளோப் விழாவில் ‘மினாரி’ என்ற படத்துக்கு இதே நிலை வாய்த்தது. ஆர்கன்சா மாநிலத்தில் கொரியக் குடும்பம் ஒன்று வேளாண்மை செய்து பிழைக்க முனையும் கதை; இயக்குநர் லீ ஐசக் சங் அமெரிக்காவில் பிறந்தவர்; தயாரிப்பும் அமெரிக்க நிறுவனங்களுடையது. உரையாடலில் பாதி ஆங்கிலம் இல்லை என்பதால் முதன்மைப் பிரிவு மறுக்கப்பட்டு, அது ‘அயல்மொழிப் படம்’ ஆயிற்று. அப்பிரிவில் வென்றது, வென்றும் மனக்குறை தீரவில்லை. பின்னர் அந்த விதி திருத்தப்பட்டது. இதற்கு நேர்மாறான நிகழ்ச்சி 2019இல் ஆஸ்காரில் நடந்தது. நைஜீரியா அனுப்பிய ‘லயன்ஹார்ட்’ படம், உரையாடல் பெரும்பாலும் ஆங்கிலத்தில் இருந்தமையால், சர்வதேசப் படப் பிரிவிலிருந்து நீக்கப்பட்டது. நைஜீரியாவின் ஆட்சிமொழி ஆங்கிலந்தான். காலனி ஆட்சி விட்டுச்சென்ற மொழியில் அந்நாட்டார் தமக்குள் பேசிக்கொள்வது அவர் குற்றமா என்று அப்படத்தினர் கேட்டால் விடை சொல்வது கடினம். ஒரு விழாவில் ஆங்கிலம் குறைந்தது குறை. மற்றொன்றில் ஆங்கிலம் மிகுந்தது குறை.

இந்த விதிகள் அனைத்திலும் பொதுவாக உள்ளது ஓர் எண்: 70 பங்கு, பாதி, பெரும்பாலும். மொழியை எடை போட முடியும் என்ற நம்பிக்கையே அதன் அடித்தளம். மொழி ஆசிரியர்களாகிய நாம் அந்த எடைக்கல்லைக் கொஞ்சம் சோதித்துப் பார்க்கலாம். நிபோங் திபால் சந்தையில் மீன் வாங்கும் ஒருவரின் பேச்சை ஐந்து நிமிடம் குறித்துக்கொண்டு, அதில் தமிழ் எத்தனை பங்கு, மலாய் எத்தனை பங்கு, ஹொக்கியன் எத்தனை பங்கு என்று மாணவரைக் கணக்கிடச் சொல்லலாம். சொற்களை எண்ணுவதா, வாக்கியங்களையா, பேசிய நேரத்தையா என்பதிலேயே வகுப்பு இரண்டுபடும். தமிழ் வாக்கியத்துக்குள் மலாய் வினைச்சொல் ஒன்று தமிழ் விகுதியோடு வரும்போது அதை எந்தத் தட்டில் இடுவது? நடிகர் பேசாமல் நிற்கும் மௌனம் எந்த மொழி? ‘ஜகாட்’ என்ற ஒரு சொல்லை மட்டும் கரும்பலகையில் எழுதி, இது எந்தக் கணக்கில் சேரும் என்று கேட்டாலே ஒரு பாடவேளை போதாது. அதை முடித்தபின் 2016ஆம் ஆண்டு விருதுப் பட்டியலை மாணவர் கையில் கொடுக்கலாம்.